அக்கா தொடக்கூடாத புத்தகம்

என் மகள் போன மாதம் பெரியவளானாள். அன்றிலிருந்து என்னால் வீட்டில் ஓர் இடத்தில் நிலையாக உட்கார முடியவில்லை. அடுப்பில் பாலை வைத்துவிட்டு வாசலுக்குப் போகிறேன். எதற்கு வந்தோம் என்று யோசித்துத் திரும்புவதற்குள் பால் பொங்கி வழிந்துவிடுகிறது. நானும் படித்தவள்தான். பள்ளிக்கூடத்தில் பல வருடம் பூகோளம் சொல்லிக் கொடுத்தவள். ஆனாலும் சொந்த மகள், "இனிமே நான் என்னல்லாம் செய்யக் கூடாதும்மா?" என்று கேட்டபோது எனக்குத் தோன்றியது ஒரு புத்தகம் வாங்கித் தருவதுதான். கடைத்தெருவுக்குப் போய், வளரும் பெண்களுக்கென்று எழுதிய ஒரு புத்தகத்தை வாங்கி வந்து அவள் மேசைமேல் வைத்தேன். மறுநாளே அது என் தையல் மெஷின்மேல் திரும்பி வந்து உட்கார்ந்திருந்தது.

"படிச்சேன். இது வேற யாருக்கோ எழுதினதும்மா" என்றாள்.

கோபமாகச் சொல்லியிருந்தால்கூடத் தேவலை. சாதாரணமாகச் சொன்னாள். அதே வாரம் என் நாத்தனார் வந்து, தெரிந்த இடத்தில் ஒரு பையன் இருக்கிறான், இப்போதே காதில் போட்டு வைத்தால் நல்லது என்று பேச்சை ஆரம்பித்தார். நான் சிரித்து, காப்பி கொடுத்து, அனுப்பிவிட்டேன். வேண்டாம் என்று முகத்துக்கு நேராகச் சொல்லாததற்காக என்னையே திட்டிக்கொள்கிறேன்.

இந்த நிலையில் எனக்குத் திரும்பத் திரும்ப நினைவுக்கு வருவது இன்னொரு புத்தகம். திருத்தணியில், இரண்டாம் உலக யுத்தம் நடந்துகொண்டிருந்த வருடங்களில், எனக்கு எட்டு வயதாக இருந்தபோது, எங்கள் வீட்டுக்கு வந்த புத்தகம்.

மலையடிவாரத்தில் நைனாவுக்கு ஒரு கடை இருந்தது. கற்பூரம், விபூதி, சந்தனவில்லை, காவடிக்குக் கட்டும் மயிலிறகு எல்லாம் விற்பார். அப்பாவை நைனா என்றுதான் நாங்கள் கூப்பிடுவோம். ஊர் அப்போது சித்தூர் ஜில்லாவைச் சேர்ந்தது. நைனா சிறுவனாக இருந்த நாளில் அவருக்குக் கிடைத்த பள்ளிக்கூடம் தெலுங்குப் பள்ளிக்கூடம். வீட்டில் பேசுவது தமிழ், எழுதுவதும் படிப்பதும் தெலுங்கு. தமிழ் எழுத்து அவருக்குத் தெரியாது. தெரியாது என்பதை அவர் ஒப்புக்கொள்ளவும் மாட்டார். அம்மாவுக்கு எந்த எழுத்தும் தெரியாது, அதை அவள் ஊருக்கே சொல்லுவாள்.

அக்கா எட்டாம் வகுப்பில் இருந்தாள். தமிழில் எதைக் கொடுத்தாலும் தண்ணீர் குடிப்பதுபோலப் படிப்பாள். பங்குனியில் அவளுக்குப் பரீட்சை. அதில் தேறிவிட்டால் ஆசிரியைப் பயிற்சிக்கு அனுப்பலாம் என்று அவளுடைய டீச்சரம்மா ஒருநாள் வீட்டுக்கே வந்து சொல்லிவிட்டுப் போயிருந்தார். மாசி மாதம், மலையில் திருவிழாவுக்குக் கொடியேறிய மறுநாள், அக்கா பெரியவளாகிவிட்டாள்.

எனக்கு அப்போது விளங்கியதெல்லாம், அக்காவை யாரும் தொடக்கூடாது, அவளும் யாரையும் தொடக்கூடாது, ஆனால் அவளுக்குத் தினமும் நல்லெண்ணெய் மிதக்க உளுத்தங்களி உண்டு என்பதுதான். களியைப் பார்த்து நானும் சீக்கிரம் பெரியவளாகிவிட வேண்டும் என்று ஆசைப்பட்டேன்.

வழக்கப்படி தாய்மாமன் வந்து பச்சை ஓலையில் குடிசை கட்டவேண்டும். அம்மாவின் தம்பி அரக்கோணத்தில் ரயில்வே சரக்கு ஆபீசில் குமாஸ்தாவாக இருந்தார். சேதி போனதும் அடுத்த வண்டியில் வந்து இறங்கிவிட்டார். தென்னை ஓலையைக் கிணற்றடியில் பரப்பிப்போட்டு அவர் முடைந்த அழகைப் பார்க்க நைனாவின் தங்கை, எங்கள் அத்தை, பக்கத்துத் தெருவிலிருந்து வந்து நின்றாள்.

"இன்னா மாப்பிள, ஆபீஸ்ல உக்காந்து பேனா புடிக்கற கையி ஓலை முடையுமா? குடிசை இப்பவே சாஞ்சிகினு கீது!"

"சாயலக்கா, அது உங்களப் பாத்து கும்புடுது" என்றார் மாமா.

அத்தை மாப்பிள்ளை என்றது வெறும் கேலி இல்லை. அக்கா பிறந்த அன்றே, தொட்டில் பக்கத்தில் வைத்து, இவள் உனக்குத்தான் என்று அம்மா தன் தம்பியிடம் சொல்லிவிட்டிருந்தாள். மாமாவுக்கு அப்போது மீசை அரும்பும் வயது. இப்போது முப்பதைத் தொட்டுவிட்டார். மணவூரிலிருந்தும் பள்ளிப்பட்டிலிருந்தும் அவருக்குப் பெண் கொடுக்க வந்தவர்கள் எல்லாரையும், "எங்கக்கா வூட்ல கீறா" என்று சொல்லித் திருப்பி அனுப்பியிருந்தார். எல்லாருக்கும் மாமாவைப் பிடிக்கும். எனக்கும் பிடிக்கும். வரும்போதெல்லாம் ஏதாவது வாங்கி வருவார்.

அந்த முறை வெற்றிலை, பழம், புடவையோடு ஒரு புத்தகமும் வந்தது. ஆபீஸ் வேலையாகச் சென்னப்பட்டணம் போனபோது வாங்கி வைத்தாராம். சிவப்புத் துணி அட்டை, அதில் தங்க எழுத்து. பருவமடைந்த பெண்கள் நடந்துகொள்ள வேண்டிய முறைகள் எல்லாம் கேள்வியும் பதிலுமாக உள்ளே இருந்தன. எழுதியவர் ஓர் ஆண், அட்டையிலேயே பட்டத்தோடு பெயர் போட்டிருந்தது.

"நீ படிச்சியா தம்பி? நல்ல புஸ்தகமா?" என்று அம்மா கேட்டாள்.

"நான் பிரிச்சுக்கூடப் பாக்கலக்கா. பொம்பளைங்க படிக்கறத நான் எதுக்குப் பாக்கணும்? கடைக்காரன் சொன்னான், இத்தப் படிச்ச பொண்ணு புகுந்த வூட்ல ஒரு பேச்சு வாங்காதுன்னு."

குடிசைக்குள்ளிருந்து அக்கா கையை நீட்டினாள். குடிசை வாசலில் குறுக்கே உலக்கை போட்டிருந்தது. அம்மா பதறிப்போய்ப் புத்தகத்தை மார்போடு அணைத்துக்கொண்டாள்.

"ஏய், எழுத்துடி! சரஸ்வதி! தீட்டோட தொடுவியா?"

மாமா தலையைச் சொறிந்தார். இதை அவரும் யோசிக்கவில்லை, அந்தப் பட்டம் வாங்கிய ஆசிரியரும் யோசிக்கவில்லை என்று தோன்றுகிறது. அத்தைதான் உரக்கச் சிரித்தாள்.

"நல்லாருக்குது போ! குந்தினவளுக்கு எழுதின புஸ்தகத்தக் குந்தினவ தொடக்கூடாதா? பின்ன யாரு படிக்கறது, உங்க வூட்டுப் பசுமாடா?"

கடைசியில் எல்லாருடைய கண்ணும் என்மேல் விழுந்தது. நான் மூன்றாம் வகுப்பு. தீட்டுக் கழித்துத் தண்ணீர் ஊற்றும் நாள்வரை நான் தினமும் மாலையில் கிணற்றடிக் கல்லில் உட்கார்ந்து உரக்கப் படிக்கவேண்டும், அக்கா உள்ளேயிருந்து கேட்டுக்கொள்ளவேண்டும் என்று முடிவாயிற்று. மாமா அன்று மாலை வண்டிக்கே அரக்கோணம் திரும்பிவிட்டார்.

அந்த மாலைகளை நினைத்தால் எனக்கு இப்போதும் உடம்பு அரிக்கிறது. மலையில் வாகனம் புறப்படும் நேரம் அதுதான். நாதஸ்வரம் கேட்கும். தெருவில் பிள்ளைகள் எல்லாம் படிக்கட்டை நோக்கி ஓடும் சத்தம் கேட்கும். நான் கல்லில் உட்கார்ந்து, ஒவ்வோர் எழுத்தாகக் கூட்டி, பெண்ணானவள் பல் தெரியச் சிரிக்கலாகாது, ஜன்னலோரம் நின்று வீதியை நோக்கலாகாது, கணவனுக்கு முன்பாகக் கொட்டாவி விடலாகாது என்று படித்துக்கொண்டிருப்பேன். ஒரு கேள்விக்குப் பதில் சொல்ல அந்த ஆசிரியர் அரைப் பக்கம் எடுத்துக்கொள்வார். சமஸ்கிருத வார்த்தைகளில் என் நாக்கு சிக்கிக்கொள்ளும். காலை ஆட்டுவேன், சொறிவேன், மலையைப் பார்ப்பேன், விட்ட இடத்தைத் தொலைத்துவிட்டு அதே வரியை மறுபடி படிப்பேன்.

"கொட்டாவிய ரெண்டு வாட்டி படிச்சிட்ட" என்பாள் அக்கா.

ஒருநாள் அவள் குரலைத் தாழ்த்தி, "எனக்கு ஏன் இப்படி ஆச்சுன்னு அதுல எங்கனா போட்டிருக்குதா பாரு" என்றாள்.

"எப்படி ஆச்சு?"

"ஒண்ணுமில்ல. தேடிப் பாரு."

தேடினேன். மஞ்சள் பூசும் முறை இருந்தது, கூந்தல் தைலம் காய்ச்சும் முறை இருந்தது, மாமியாருக்கு முன்னால் உட்காரும் முறை இருந்தது. அக்கா கேட்டது இல்லை. அவள் அதற்குப்பிறகு புத்தகத்தைப் பற்றி எதுவும் கேட்கவில்லை.

அதற்கடுத்த நாள் அம்மாவும் அத்தையும் கிணற்றடியில் துணி துவைத்துக்கொண்டே பேசினார்கள். தண்ணீர் ஊற்றும் அன்றைக்கே வெற்றிலைபாக்கு மாற்றிக்கொண்டுவிடுவது, தைமாதம் கல்யாணம், இனி பள்ளிக்கூடம் எதற்கு என்று பேச்சு போயிற்று. பச்சை ஓலை சத்தத்தைத் தடுக்குமா என்ன? அன்று அம்மா களித் தட்டைத் தூரத்தில் வைத்துத் தள்ளியபோது அக்கா அதைத் தொடவில்லை.

"நான் மாமாவக் கட்டிக்க மாட்டேன்" என்றாள். "பரீட்சை எழுதணும். டிரெயினிங் போவணும்."

அம்மா என்னைப் பார்த்து, "களி ஆறிப்போவுதுன்னு சொல்லுடி அவளுக்கு" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாள். அக்கா அதையே இன்னும் உரக்கச் சொன்னாள். நைனா கடைக்குக் கிளம்பிக்கொண்டிருந்தார். கொல்லைப்பக்கம் ஒரு தரம் பார்த்தார், பிறகு குடையை எடுத்துக்கொண்டு போய்விட்டார். உலக்கைக்கு அந்தப் பக்கம் இருக்கிறவள் பேசுவது யாருக்கும் கேட்பதில்லை போலிருக்கிறது.

அன்று மாலை நான் புத்தகத்தோடு கல்லில் உட்கார்ந்ததும் அக்கா கேட்டாள்: "உனக்கு வாகனம் பாக்கப் போவணுமா?"

எனக்குக் கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது.

"அப்ப நீ எழுத்துக் கூட்டிக் கஷ்டப்படாத. எனக்கு அந்தப் புஸ்தகம் தெரியும். நான் சொல்லச் சொல்ல நீ சத்தமாத் திருப்பிச் சொல்லு. புஸ்தகத்தை விரிச்சு மடியில வெச்சுக்க, கண்ணு அதுலயே இருக்கணும். சீக்கிரம் முடிஞ்சிரும். ஓடிப் போயிரலாம்."

தொடாத புத்தகம் அவளுக்கு எப்படித் தெரியும் என்று நான் யோசிக்கவே இல்லை. அக்கா புத்திசாலி. புத்திசாலிகளுக்குப் புத்தகங்கள் தெரிந்திருக்கும். அவ்வளவுதான் என் கணக்கு.

அவள் சொன்னாள், நான் திருப்பிச் சொன்னேன். புத்தகத்தின் மற்ற இடங்களைவிட இது எவ்வளவோ நன்றாக இருந்தது, நாக்கில் எங்கும் சிக்கவில்லை.

"கேள்வி: ஒரு பெண்ணுக்கு விவாகம் செய்விக்கத் தக்க வயது யாது? பதில்: பதினெட்டு வயது நிறையட்டும். எலும்பு முதிராத பெண்ணுக்கு விவாகம் செய்விக்கும் தாய் தந்தையர், ஈரம் காயாத பானையை அடுப்பில் ஏற்றுகிறவர்களே ஆவர். கேள்வி: மணமகனின் வயது எவ்வளவு மிகுந்திருக்கலாம்? பதில்: பத்து வயதுக்குமேல் மிகுந்திருத்தல் ஆகாது. கேள்வி: பெண் கல்வி பயின்றுகொண்டிருந்தால் என் செய்வது? பதில்: பயின்று முடிக்கும்வரை அவளைத் தொந்தரவு செய்யலாகாது. அதிலும் பங்குனி மாதத்தில் பரீட்சை எழுத வேண்டிய பெண்ணை வீட்டில் நிறுத்தி வைத்தல் பெரும் பாவம்."

அடுத்தநாளும் அதேதான், அதற்கு மறுநாளும் அதேதான். அம்மா தண்ணீர் சேந்த வரும் நேரம் பார்த்து அக்கா, "இன்னொரு தரம், சத்தமா" என்பாள். எனக்கு மனப்பாடமாகிவிட்டது. அக்கா அடி எடுத்துக் கொடுக்கவே தேவையில்லாமல் போயிற்று.

அம்மா முதலில் காதில் வாங்கவில்லை. ஒருநாள் குடத்தைக் கிணற்று மேடையிலேயே வைத்துவிட்டு நின்றாள்.

"இன்னாடி அது, பானை, அடுப்புன்னு? மாமா குடுத்த புஸ்தகத்திலயா இருக்குது?"

நான் புத்தகத்தைத் தூக்கிக் காட்டினேன்.

அம்மாவுக்கு மனசு ஆறவில்லை. நைனா சாப்பிட வந்தபோது அவர் கையில் அதைக் கொடுத்து, இந்தப் பிள்ளை ஏதோ படிக்குது, கொஞ்சம் பாருங்க என்றாள். நைனா கையைத் துடைத்துக்கொண்டு, புத்தகத்தைக் கண்ணுக்கு அருகில் வைத்து, வரிகளின்மேல் விரலை ஓட்டினார். உதடுகூட அசைந்தது. பிறகு மூடிக் கொடுத்தார்.

"ஆங். பெரிய படிப்புப் படிச்சவன் எழுதிக்கிறான். சும்மாவா எழுதுவான்?"

"அப்ப நிஜமா அப்படித்தான் இருக்குதா?"

"இருக்குதுன்னுதான சொல்றேன். மோர ஊத்து."

அம்மா அதன்பிறகு இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை என்பது எனக்கு நினைவிருக்கிறது. யுத்தகாலத்தில் எல்லாருமே குறைவாகத்தான் சாப்பிட்டார்கள், அதனால் நான் அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை.

தண்ணீர் ஊற்றும் நாள் வந்தது. குடிசையைப் பிரித்தார்கள். அக்காவைக் குளிப்பாட்டி, மாமா கொண்டுவந்த புடவையைக் கட்டி, கூடத்தில் மணையில் உட்கார வைத்தார்கள். அவள் கழுத்தில் மாலை, கை நிறைய வளையல். பார்க்க யாரோ மாதிரி இருந்தாள். மாமா புது ஜரிகை வேட்டியில் எதிரே ஜமக்காளத்தில் நைனாவோடு உட்கார்ந்திருந்தார். சவரம் செய்த கன்னம் பளபளத்தது. பக்கத்தில் வெற்றிலைத் தட்டு தயாராக இருந்தது. உறவு ஜனம் கூடத்தை நிறைத்திருந்தது.

அத்தைதான் ஆரம்பித்தாள். "மாப்பிள வாங்கியாந்த புஸ்தகத்த சின்னவ தெனம் படிச்சிகினு கீறா. பொண்ணு தேறிட்டாளான்னு பாக்க வேணாமா?"

மாமாவுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "எங்க பாப்பா, வா. மாமா கேக்க ஒரு பக்கம் படி பாக்கலாம்."

நான் அக்காவைப் பார்த்தேன். அவள் தலை நிமிரவில்லை. ஆனால் அவளுடைய வளையல்கள் தாமாகவே லேசாகச் சத்தம் போட்டுக்கொண்டிருந்தன. சின்ன வயதில் யாருக்கும் இப்படி ஒரு மேடை கிடைக்காது. நான் கூடத்தின் நடுவில் நின்று, புத்தகத்தை ஏதோ ஒரு பக்கத்தில் விரித்து, கண்ணை அதிலேயே வைத்துக்கொண்டு, ஒரு தடங்கல் இல்லாமல் சொன்னேன். பதினெட்டு வயது, ஈரம் காயாத பானை, பத்து வயது வித்தியாசம், பங்குனிப் பரீட்சை, பெரும் பாவம் எல்லாம் வந்தன. முடித்துவிட்டுப் பாராட்டுக்காக நிமிர்ந்தேன்.

 மூலையில் யாரோ கனைத்தார்கள். அத்தைகூட வாயை மூடிக்கொண்டிருந்ததை நான் அன்றுதான் பார்த்தேன்.

அம்மா எழுந்து வந்தாள். முகம் கறுத்துவிட்டிருந்தது.

"இது சின்னக் கழுதை, எழுத்துத் தெரியாம எதையோ உளறுது. தம்பி, நீ வாங்கியாந்த புஸ்தகம். நீயே படி. எல்லாரும் கேக்கட்டும்."

என் கையிலிருந்த புத்தகத்தை விரித்தபடியே வாங்கி மாமாவிடம் கொடுத்தாள்.

அந்தப் பக்கத்தில் என்ன இருந்தது என்று இன்றைக்கு எனக்குத் தெரியும். நான் பெரியவளானபோது அதே புத்தகத்தை அதே நம்பிக்கையோடு அம்மா என்னிடம் கொடுத்தாள். அதை எனக்கு வாசித்துக் காட்ட எனக்குக் கீழே யாரும் இல்லாததால், தண்ணீர் ஊற்றிய பிறகு முதல் பக்கத்திலிருந்து கடைசிப் பக்கம்வரை நானே தேடினேன். வயதைப் பற்றியோ பரீட்சையைப் பற்றியோ ஒரு வார்த்தை கிடையாது. எலும்பும் இல்லை, பானையும் இல்லை. ஒரு தாள்கூடக் கிழிக்கப்பட்டிருக்கவில்லை. அன்று மாமாவின் கைக்குப் போன பக்கத்தில், கூட்டத்தில் யாரோ சிந்திய சந்தனம் பட்டு ஒரு கறை இருந்தது. அதை வைத்துக் கண்டுபிடித்தேன். ஊறுகாய் ஜாடியில் பூஞ்சை படராமல் பாதுகாப்பது எப்படி என்ற கேள்விக்கு, ஆசிரியர் வழக்கம்போல அரைப் பக்கத்துக்குப் பதில் எழுதியிருந்தார்.

மாமா அதைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். தாளைப் புரட்டினார், திரும்பப் பழைய பக்கத்துக்கே வந்தார். ஒரு தரம் என்னைப் பார்த்தார். பிறகு மணையில் உட்கார்ந்திருந்தவளைப் பார்த்தார். அக்கா அப்போதுதான் தலையை நிமிர்த்தினாள். அவர்கள் இரண்டு பேரும் அப்படி நேருக்கு நேர் பார்த்துக்கொண்டதை நான் அதற்குமுன் பார்த்ததில்லை. வளையல் சத்தம் நின்றுபோயிருந்தது.

"படி தம்பி" என்றாள் அம்மா.

மாமா தொண்டையைச் செருமிக்கொண்டு படித்தார். ஆபீசில் உரக்கப் படித்துப் பழகிய குரல்.

"பதினெட்டு வயது நிறையட்டும். எலும்பு முதிராத பெண்ணுக்கு விவாகம் செய்விக்கும் தாய் தந்தையர், ஈரம் காயாத பானையை அடுப்பில் ஏற்றுகிறவர்களே ஆவர். மணமகன் பத்து வயதுக்குமேல் மூத்தவனாக இருத்தல் ஆகாது." கொஞ்சம் நிறுத்தினார். விரல் அதே வரியில்தான் இருந்தது. "தாய்மாமனாக இருந்தாலும் இதே விதிதான்."

புத்தகத்தை மூடி மடியில் வைத்துக்கொண்டார்.

"இருக்குதுக்கா. பாப்பா சரியாத்தான் படிச்சா."

"எந்தக் கட்டையில போறவன் எழுதினது?" என்று அம்மா கத்தினாள். "வாங்கியாந்தவன் நீ! படிச்சுப் பாக்காம வாங்கியாருவியா? பொறந்த அன்னிக்கே சொன்னனே, அது இன்னா ஆச்சு?"

"நான்தான வாங்கியாந்தேன். நான் வாங்கியாந்ததையே நான் மீறினா சிரிக்க மாட்டாங்களா?" மாமா சிரிக்க முயற்சி செய்தார். நைனா பக்கம் திரும்பி, "பாவா, நீங்க சொல்லுங்க. நீங்களும் படிச்சுப் பாத்தீங்களாமே" என்றார்.

நைனா தன் எதிரே இருந்த வெற்றிலைத் தட்டைப் பார்த்தார், புத்தகத்தைப் பார்த்தார். தமிழ் எழுத்து தெரியாது என்று சொல்ல அதைவிட நல்ல சமயம் அவர் வாழ்க்கையில் வந்திருக்க முடியாது.

"ஆங். போட்டிருக்குது" என்றார். "பொண்ணு பரீட்சைய எழுதட்டும். அப்புறம் பாப்போம்."

வெற்றிலைத் தட்டை அத்தை எடுத்து உள்ளே கொண்டுபோனாள். ஜனங்கள் அவசரமாகச் சாப்பிட உட்கார்ந்தார்கள். மாமா சாப்பிடவில்லை. வண்டிக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிட்டார். அம்மா அவரைப் போய்வா என்றுகூடச் சொல்லவில்லை. வண்டிக்கு இன்னும் எவ்வளவோ நேரம் இருந்தது.

எனக்கு ஒன்று மட்டும் உறுத்திக்கொண்டே இருந்தது. தாய்மாமன் என்று மாமா படித்த வரி. நான் அதைச் சொல்லவில்லை. அத்தனை நாள் படித்தும் எப்படித் தவறவிட்டேன்? அக்கா எனக்குச் சொல்லிக் கொடுக்கும்போது மறந்துவிட்டாளா, நான்தான் மறந்தேனா? தெருக்கோடிவரை அவர் பின்னால் ஓடினேன். காவடிக் கூட்டம் எதிரே வந்துகொண்டிருந்தது. மாமா புது வேட்டியைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு ஓரமாக ஒதுங்கி நின்றார்.

"மாமா, நான் ஒரு வரி விட்டுட்டேனா?"

 என் தலைமேல் கை வைத்தார். கை கனமாக இருந்தது.

"ஆங். ஒரு வரி விட்டுட்ட பாப்பா. பரவால்ல. நான் படிச்சிட்டேன் இல்ல? நீ வூட்டுக்குப் போ."

எனக்கு வெட்கமாகப் போயிற்று. அவ்வளவு பேருக்கு முன்னால் பிழையாகப் படித்திருக்கிறேன், மாமா பெரிய மனசோடு காட்டிக்கொடுக்காமல் விட்டிருக்கிறார்.

வீட்டுக்கு வந்தபோது அக்கா மாலையைக் கழற்றி வைத்துவிட்டு, அரிசி மூட்டைகள் அடுக்கிய அறையில் சுவரைப் பார்த்து உட்கார்ந்து அழுதுகொண்டிருந்தாள். சத்தம் வராமல் இருக்க மாமா கொண்டுவந்த புடவையின் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டிருந்தாள். பள்ளிக்கூடத்துக்குப் போகலாம் என்று நைனாவே சொல்லியாகிவிட்டது. அவள் கேட்டது அதுதான். பின்னே எதற்கு அழுகை? எனக்குத் தெரிந்த காரணம் ஒன்றே ஒன்றுதான் இருந்தது. நான் அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன். இனி அவளைத் தொடலாம் என்பது நினைவுக்கு வந்து, முதுகில் கை வைத்தேன்.

"அழாதக்கா. நான்தான் ஒரு வரி விட்டுட்டேன். ஆனா மாமா அத்தப் பாத்து சரியாப் படிச்சிட்டாரு."

அவள் அழுகை நிற்கவில்லை. என்னை இழுத்து இறுக்கிக் கட்டிக்கொண்டு முன்னைவிட அதிகமாக அழுதாள். வளையல்கள் என் முதுகில் குத்தின. ஒரு வரி விட்டதற்கு இவ்வளவா என்று எனக்கு எரிச்சலாக இருந்தது.